கை கழுவுதல்

ஒவ்வொரு கட்டிலைத் தொடுமுன்னும் ஒரு முறை,
தொட்ட பின்னும் ஒரு முறை,
விரலிடுக்கு, நகக்கண், மணிக்கட்டு வரை
நாளைக்கு எழுபது தடவை கை கழுவுகிறவள் நான்.
எங்கள் தொழிலில் அதற்குப் பெயர் சுத்தம்.
வேலை முடிந்து ஏறும் குடியாத்தம் பஸ்ஸில்
"வேலூர்லயே கை கழுவிட்டாங்களாம்" என்று
யாரோ யாருக்கோ சொல்லும்போது
உள்ளங்கை கூசுகிறது.

முனிரத்தினத்துக்கு வாயில் வந்தது.
பேரணாம்பட்டில் தோல் ஷாப்பில் டிரம் பார்த்தவர்.
இரண்டு ஆபரேஷன், முப்பத்துமூன்று நாள் கரண்டு.
கழுத்தில் மறுபடி கட்டி எழும்பியபோது
பெரிய டாக்டர் படத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்.
நல்ல மனிதர். நின்றபடி சொல்லாமல்
ஸ்டூலை இழுத்து உட்கார்ந்து சொன்னார்.
அவர் போனதும் தேசம்மாள் என் பக்கம் திரும்பினாள்:
"இன்னா சிஸ்டர், கைய விரிச்சிட்டாரா?"

கை விரிப்பது, கை விடுவது, கை கழுவுவது.
ஒன்றுக்கும் இன்னொன்றுக்கும் எத்தனை விரற்கடை தூரம்?
நெறிமுறைப் பாடத்தில் ஒரு வரி உண்டு:
மருந்தை நிறுத்தலாம், மனிதரை நிறுத்தக் கூடாது.
ஐந்து மார்க் கேள்வி. நாலரை வாங்கினேன்.
அதை அவளிடம் சொல்ல வாய் எழவில்லை.
"செவ்வாய்க்கிழமை வீட்டுக்கு வரேன்" என்றேன்.

அப்படித்தான் செவ்வாய்க்கிழமைகள் தொடங்கின.
சாதிக் ஜீப் ஓட்டுவார். பள்ளிகொண்டா, குடியாத்தம்,
அப்புறம் வெயில்.
தேசம்மாள் முறத்தில் பீடி சுற்றிக்கொண்டே
மாத்திரை நேரம் ஒப்பிப்பாள்.
நான் புண்ணைத் திறப்பேன். புழு இருந்த நாளும் உண்டு.
பேச்சு போனவர் பீடிக்கட்டு லேபிளின் பின்புறம் எழுதுவார்:
"நாத்தம் எனக்குப் பழக்கம். இருவது வருசம் தோலு.
நீதான் பாவம்."
கிளம்பும்போது "போறேன்" என்று யார் சொல்வார்கள்?
"வரேன்" என்பேன். எல்லோரும் சொல்வதுதான்.
அவர் தலையசைப்பார்,
ரசீது வாங்கிக்கொண்டவர் போல.

ஆகஸ்டில் ஒரு செவ்வாய் போகவில்லை.
ஜீப்புக்குக் கிளட்ச் போய்விட்டது என்று சொன்னோம்.
கிளட்ச் போனது உண்மை.
வேறு வண்டி இருந்ததும் உண்மை.
எனக்குக் களைப்பு. போன் செய்யவும் இல்லை.
மறுநாள் மதியம் போய் நின்றபோது
சுவரில் தினக்காலண்டர் செவ்வாயிலேயே இருந்தது.
"கிழிக்கவே வுடலை" என்றாள் தேசம்மாள்.
அவர் லேபிளில் எதுவும் எழுதவில்லை.
நானே எழுந்து போய்க் கிழித்தேன்.
அந்தத் தாளை என்ன செய்வதென்று தெரியாமல்
பஞ்சுப் பையில் வைத்துக்கொண்டேன்.

மருந்து நின்று நாலு மாதம் இருந்தார்.
சனிக்கிழமை விடியலில் போனார்.
நான் போனபோது பந்தலுக்கு மூங்கில் இறக்கிக்கொண்டிருந்தார்கள்.
மிச்சமிருந்த மார்ஃபின் பதினாலு.
அந்த நேரத்திலும் எண்ணி எடுக்க வேண்டும்,
கையெழுத்து வாங்க வேண்டும், அது சட்டம்.
தேசம்மாள் பெருவிரலை நீட்டினாள்.
இத்தனை வருடப் பீடி இலையில்
ரேகை தேய்ந்து, மை சும்மா ஒரு வட்டமாக விழுந்தது.

கிணற்றடியில் சொம்பு நீரை அவளே ஊற்றினாள்.
"கை கழுவிக்கினு போங்க சிஸ்டர்."
கழுவினேன். சோப்பு இல்லை.

சாவு வீட்டில் "வரேன்" என்று சொல்லக் கூடாது.
சொல்லாமல்தான் நடக்க வேண்டும், திரும்பிப் பார்க்காமல்.
அந்த முறை எனக்கும் தெரியும்,
ஜீப்பைக் கிளப்பாமல் காத்திருந்த சாதிக்குக்கும் தெரியும்.
வாசல் தாண்டி நாலு எட்டு வைத்திருப்பேன்.

பின்னாலிருந்து,
பறை நின்ற ஒரு மூச்சு இடைவெளியில்,
"செவ்வாக்கெழம வருவீங்கல்ல?"

திரும்பிவிட்டேன்.